பாட்டில் யார் பெயர்?

திருத்தணி மலைக்கு 365 படிகள். ஏறி இறங்கிய கால்வலியோடு அடிவாரத்தில் நண்பர் ஒருவர் வீட்டில் உட்கார்ந்திருந்தேன். காப்பியைக் கொடுத்துவிட்டு அவர் ஒரு பழைய இசைத்தட்டைச் சுழலவிட்டார். சிதார் கேட்டது. கூடவே, கிணற்றுக்குள்ளிருந்து யந்திரம் ஒன்று முனகுவது போல் ஒரு நாதம்.

1970-ல் அமெரிக்காவில் வெளியான ஆனந்த சங்கரின் முதல் தட்டு அது. முனகியது மூக் என்ற மின்வாத்தியம். மேல்நாட்டு இளைஞர்கள் அந்நாளில் 'சைகடெலிக்' என்று கொண்டாடினார்களே, புத்தியைக் கிறங்க அடிக்கும் பாப் சங்கீதம், அந்த ரகம். ரோலிங் ஸ்டோன்ஸ் பாட்டு ஒன்று, டோர்ஸ் பாட்டு ஒன்று, இரண்டையும் சிதாரில் வாசித்திருக்கிறார். அவை எனக்குச் சீக்கிரமே அலுத்துவிட்டன. சமுத்திரத்தின் பெயரில் ஒரு நீண்ட உருப்படி இருக்கிறது. அதற்காக இன்னொரு காப்பி குடித்துக்கொண்டு உட்காரலாம்.

தட்டின் பெயர் என்ன என்று கேட்டேன். 'ஆனந்த சங்கர்' என்றார் நண்பர்.

"இரவல் மெட்டையும் வாசித்துவிட்டுத் தன் பெயரையே வைத்துக்கொள்வதா? அகம்பாவம்தான்" என்றேன்.

"இந்த மலையில் ஒருத்தர் பெயரே போடாமல் ஆரம்பித்தார், சார்" என்றார் அவர்.

முத்துசுவாமி தீட்சிதரைச் சொன்னார். காசியிலிருந்து திரும்பியவர் இங்கே வந்தார். கிழவர் ஒருவர் வாயைத் திறக்கச் சொல்லிக் கற்கண்டு போட்டார். மாயாமாளவகௌளையில் முதல் கிருதி பிறந்தது என்பது கர்ணபரம்பரை. வேற்றுமைக்கு ஒன்றாக எட்டுக் கிருதிகள். முத்திரை 'குருகுஹ'. அது முருகன் பெயர். இரவல் என்று பார்த்தால் அவரும் வாங்கியவர்தான்: வெள்ளைக்காரர்களின் பாண்டு மெட்டுக்களுக்கு ஸம்ஸ்கிருத சாஹித்யம் செய்தபோது பிரிட்டிஷ் ராஜகீதத்தைக்கூட அவர் விடவில்லை.

எனக்கு அப்போது தீட்சிதர் பக்கம்தான் நியாயம் என்று தோன்றியது. ஊருக்குத் திரும்பும் ரயிலில் சந்தேகம் வந்துவிட்டது. இன்று 'குருகுஹ' என்று காதில் விழுந்தால் முதலில் யார் நினைவு வருகிறது? எனக்குத் தீட்சிதர். ஸ்வாமி மன்னிக்க வேண்டும். தம்மை மறைத்துக்கொள்ள அவர் எடுத்த பெயரே அவருக்குப் பெயராகிவிட்டது.

மற்றவர் சமாசாரம் வேறு. தகப்பனார் உதயசங்கர், நாட்டியத்தில் உலகப் புகழ். சிற்றப்பா ரவிசங்கர். பையன் சிதார் கற்றுக்கொண்டது சிற்றப்பாவிடம் அல்ல, காசியில் லால்மணி மிஸ்ராவிடம். சிதார், சங்கர் என்ற இரண்டு வார்த்தைகளும் சேர்ந்தால் ஊரே வேறொருவரை நினைக்கும் வீட்டில் பிறந்தவன், தான் எந்தச் சங்கர் என்று சொல்லாமல் எப்படி ஆரம்பிப்பான்? அகம்பாவம் என்று நான் சொன்னது அவசரம்.

அப்படிச் சொல்ல எனக்கு யோக்யதையும் கிடையாது. என் முதல் கதை ஒரு பத்திரிகையில் வந்தபோது பெயரை விட்டுவிட்டார்கள். மூன்று பக்கத்துக்குக் கோபமாக எழுதினேன். அடுத்த இதழில் ஒரு மூலையில், பொடி எழுத்தில், திருத்தம் போட்டார்கள். கதை வந்த இதழ் எங்கேயோ தொலைந்துவிட்டது. திருத்தம் வந்த இதழ் இன்னும் என் பெட்டியில் இருக்கிறது.