மூலமும் உரையும்

சில வருஷங்களுக்கு முன் ஒரு வெள்ளிக்கிழமை மாலை கேஷில் ஐயாயிரம் ரூபாய் குறைந்தது. குறைந்ததைக் கேஷியர் தன் கையிலிருந்து கட்ட வேண்டும் என்பது வங்கி வழக்கம். இரண்டு மணி நேரம் சலான்களைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். உள்ளங்கை வேர்த்தது, தொண்டை வறண்டது. கடைசியில் ஐம்பது ரூபாய்க் கட்டு ஒன்று இழுப்பறைக்குப் பின்னால் விழுந்து கிடந்ததைப் பியூன் பார்த்து எடுத்துக் கொடுத்தார். பணம் எங்கும் போயிருக்கவில்லை. என் உடம்பு மட்டும், பணம் போய்விட்ட ஒரு உலகத்தில் இரண்டு மணி நேரம் இருந்துவிட்டு வந்தது.

நிகழ்ச்சியை மூலம் என்று வைத்துக்கொண்டால், அதற்கு நாம் எழுதிக்கொள்வது உரை. பயமும் கோபமும் பெரும்பாலும் உரையிலிருந்தே பிறக்கின்றன. இது பழைய விஷயம். ரோமானியர் காலத்தில் அடிமையாக இருந்து விடுதலை பெற்ற எபிக்டெடஸ், கலக்கத்தின் ஊற்றை வெளியே தேடாமல் நம் தீர்ப்பில் தேடச் சொன்னார். 1950களில் ஆல்பர்ட் எல்லிஸ் தன் சிகிச்சை முறையை இதன்மேல்தான் கட்டினார். ஹாம்லெட்டும் நண்பர்களிடம் இதே தத்துவத்தைப் பேசுகிறான். பேசிய பிறகும் டென்மார்க் அவனுக்குச் சிறையாகவே இருக்கிறது.

ரிச்சர்ட் லாசரஸும் சகாக்களும் செய்த ஒரு பரிசோதனை 1964இல் வெளியாயிற்று. ஆஸ்திரேலியப் பூர்வகுடிகளின் சடங்கு ஒன்றைக் காட்டும் படம். இளைஞர்களின் உடலில் கத்தி படுகிறது. படம் ஒன்றே, பின்னணிப் பேச்சு மட்டும் வேறு வேறு. ஒன்று வலியை வற்புறுத்துகிறது. ஒன்று வலியே இல்லை என்கிறது. ஒன்று மானுடவியலாளனைப் போல விலகி நின்று விவரிக்கிறது. பின்னிரண்டு பேச்சுகளைக் கேட்டவர்களிடம் தோலின் மின்கடத்தல் தணிந்திருந்தது. உரை மாறினால் உடம்பே மாறுகிறது என்பதற்கு நல்ல சாட்சி. ஆனால் எனக்கு வேறொன்று உறுத்துகிறது. மாறியது பார்த்தவர்களின் உடம்பு. திரையில் கிடந்த பையனுக்கு எந்தப் பேச்சும் போய்ச் சேரவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த இரண்டு மணி நேரத்தில், பணத்தை யார் கூடுதலாக வாங்கிப் போயிருப்பார்கள் என்று அன்று வந்த முகங்களை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தேன். என் சந்தேகம் போய் நின்றது அழுக்கு வேட்டி கட்டிய ஒருவர்மேல். ஸஃபாரி சூட் போட்டவர்மேல் நிற்கவில்லை. அந்த உரையை நான் யோசித்து எழுதவில்லை. எனக்குள் ஏற்கெனவே எழுதியிருந்தது. உன் பார்வையை மாற்றிக்கொள் என்பவர்கள் பார்வையை ஒருவனுடைய சொந்தச் சொத்து என்று நினைக்கிறார்கள். அதில் பாதிக்கு மேல் பரம்பரைச் சொத்து.

லாசரஸ் தன் 1966ஆம் வருஷத்து நூலில் இதை இரண்டு கேள்விகளாகப் பிரிக்கிறார். இது எனக்கு என்ன கெடுதல் செய்யும்? இதற்கு நான் என்ன செய்ய முடியும்? முதல் கேள்வியை மட்டும் பிடித்துக்கொண்டு உபதேசம் செய்வது சுலபம். இரண்டாவதற்கான பதில் மனசுக்குள் மட்டும் இல்லை. கையிருப்பிலும், தெரிந்த மனிதர்களிலும், மேஜையின் எந்தப் பக்கம் உட்கார்ந்திருக்கிறோம் என்பதிலும் இருக்கிறது.

மார்க்கஸ் அரேலியஸ் சக்கரவர்த்தி. அடிமையாக இருந்தவரின் போதனையை அவர் மதித்தார். தன் குறிப்புகளைத் தனக்குத்தானே எழுதிக்கொண்டார். தனக்குச் சொல்லிக்கொள்ளும்போது அது ஒரு ஒழுக்கம். அதே வாக்கியத்தை அவர் தன் அடிமைகளைக் கூப்பிட்டுச் சொல்லியிருந்தால் அதற்குப் பெயர் வேறு. எபிக்டெடஸின் வாக்கியம் தன்மையில் உண்மை. முன்னிலையில் வரும்போது, அதுவும் மேலிருந்து கீழே வரும்போது, கிட்டத்தட்ட பொய்.

இதை நான் புத்தகத்திலிருந்து கற்கவில்லை. நகைக்கடன் ஏல நோட்டீஸை எடுத்துக்கொண்டு ஒரு அம்மாள் கவுண்டருக்கு வந்திருந்தார். கை நடுங்கியது. நான் அப்போது ஸ்டோயிக்குகளை மும்முரமாகப் படித்துக்கொண்டிருந்தேன். "மனசைப் போட்டு அலட்டிக்காதீங்கம்மா, எல்லாம் நாம எடுத்துக்கறதுலதான் இருக்கு" என்றேன். ஆறுதலாகச் சொன்னதாகவே நினைத்தேன். என் குரல் அமைதியாக இருந்தது, இருக்காமல் என்ன? நகை அவருடையது.

அவர் கோபப்படவில்லை. நோட்டீஸை நாலாக மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு, "இன்னும் ஒரு மாசம் தவணை கிடைக்குங்களா சார்?" என்று கேட்டார். லாசரஸின் இரண்டாவது கேள்வி. நான் படித்துத் தெரிந்துகொண்ட வேறுபாடு அவருக்குப் படிக்காமலே தெரிந்திருந்தது. பதில் அவர் மனசில் இல்லை. உள்ளே மானேஜர் அறையில் இருந்தது. கேட்டு வருகிறேன் என்று எழுந்தேன். பத்து நிமிஷம் முன்னாலேயே எழுந்திருக்க வேண்டும்.