எடை மெஷினுக்குத் தெரியாதது

கல்யாண வீட்டில் பந்திக்கு உட்காரும் முன்பே பெரியம்மா கேட்டுவிடுவார்: "என்னடி, இப்படி ஊதிட்டே?" பக்கத்தில் இருப்பவளிடம், "நீ என்ன எலும்பும் தோலுமா இருக்கே?" இரண்டும் அக்கறையில் வந்த கேள்விதான். ஆனால் இருவருக்கும் அன்று பாயசம் இறங்காது.

மருத்துவமனைச் சுவரில் தொங்கும், எடையை உயரத்தோடு ஒப்பிடும் பி.எம்.ஐ. அட்டவணையும் வேதவாக்கு இல்லை. 1830களில் அந்தச் சூத்திரத்தைத் தந்த அடோல்ஃப் கெட்லே, பெல்ஜியத்தின் வானியலாளர், கணித அறிஞர்; மருத்துவர் இல்லை. அவர் தேடியது மக்கள்கூட்டத்தின் சராசரியை. தசை எது, கொழுப்பு எது என்று அந்தக் கணக்குக்குத் தெரியாது. நம் ஊரில் ஒல்லியானவர்களுக்கும் சர்க்கரை நோய் வருகிறது. கை கால் மெலிந்திருக்க, கொழுப்பு வயிற்றுக்குள் சேர்ந்துவிடுகிறது.

எடையே பொருட்டில்லை என்று சொல்லவரவில்லை. முழங்கால் வலித்தால் எடையையும் பார்க்கத்தான் வேண்டும். ஆனால் மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குகிறதா, ராத்திரி தூக்கம் வருகிறதா, பிரஷரும் சுகரும் எவ்வளவு என்பதை முதலில் பாருங்கள். இன்று மாலை நடக்கப் போகிறீர்களா? எத்தனை கிலோ குறையும் என்ற கணக்கை வீட்டில் வைத்துவிட்டு, நிம்மதியாகக் காற்று வாங்கப் போங்கள்.