மூன்றாம் பங்கு



செஞ்சிக் கோட்டைச் செட்டிக்குளத்தில் முங்குகிறவனுக்கு மூச்சு முட்டினால் தலையைத் தூக்கலாம். மெக்ஸிகோவின் யுகடான் பகுதியிலுள்ள சுண்ணாம்புக் குகைகளில் அது நடவாது. நிலத்தடி நன்னீருக்குள், முதுகில் காற்றுக் குப்பியோடு, வழிகாட்டியின் பின்னே உல்லாசப் பிரயாணிகள் செல்கிறார்கள். தலைக்கு மேல் பாறை.

வேடிக்கைக்காக உயிரைப் பணயம் வைப்பது தகுமா? தகாதென்றே நினைத்திருந்தேன். ஆனால் அவர்களுடைய விதி ஒன்று என்னைத் தயங்க வைத்தது. காற்றில் ஒரு பங்கு உள்ளே போக, ஒரு பங்கு திரும்பி வர. மூன்றாம் பங்கைத் தொடலாகாது. ஏன்? கடைக்கோடியில் கூட்டாளியின் குப்பி பழுதானால், இருவரும் ஒரே குப்பியைக் கொண்டு வெளியேற வேண்டுமே! ஆகையால், "இன்னும் சற்று தூரம்" என்று அதை உறிஞ்சுகிறவன் பிறனுடைய சுவாசத்தைத் திருடுகிறான். தன் உயிரைத் துச்சமாக எண்ணுவது ஒரு குற்றம், இதுவோ களவு.

இவ்விதியை 1979-இல் ஒரு கைநூலில் வற்புறுத்திய அமெரிக்கர் ஷெக் எக்ஸ்லி, 1994-இல் மெக்ஸிகோவின் ஸகட்டோன் என்ற நீர்ப்பிலத்தில் ஆழச் சாதனை தேடி இறங்கி மாண்டார். பரிதாபம்!

அங்கே இன்னோர் ஏற்பாடும் உண்டு. வழிகாட்டியோ, புதியவனோ, யார் கட்டைவிரலை உயர்த்தினாலும் அனைவரும் திரும்ப வேண்டும். காரணம் கேட்கலாகாது.