கொன்றவரின் சாமி, செத்தவளின் சாமி

‘பரியேறும் பெருமாள்’ (2018) படத்தில் ஒரு முதியவர் வருகிறார். சாதி தாண்டிக் காதலித்தவர்களைத் தீர்த்துக்கட்டி, அதை விபத்தாகவோ தற்கொலையாகவோ காட்டுவது அவர் வேலை. காசுக்காக அல்ல, குலசாமிக்குச் செய்கிற தொண்டாக நினைத்தே செய்கிறார். கராத்தே வெங்கடேசனின் அலட்டாத நடிப்பில் அந்த ஆளைப் போலிப் பக்தர் என்று ஒதுக்கிவிட முடிவதில்லை. கொலை தவறிப்போனதும் தண்டவாளத்தில் தலையைக் கொடுத்துவிடுகிறாரே, அத்தனை உண்மையான பக்தி.

அதை இயக்கிய மாரி செல்வராஜின் அடுத்த படம் ‘கர்ணன்’ (2021). நடுச்சாலையில் ஒரு சிறுமி வலிப்பு வந்து துடிக்கிறாள். வண்டிகள் அவளைக் கடந்து போய்க்கொண்டே இருக்கின்றன. செத்தவள் முகமூடி தரித்த காட்டுப்பேச்சியாகிப் படம் முழுக்க உலவுகிறாள். அதே தெற்கத்திச் சீமை, அதே நாட்டார் மரபு. அங்கே கொன்றவருக்கு ஒரு சாமி. இங்கே சாகவிடப்பட்டவளே சாமி.

இது இயக்குநர் புதிதாகக் கட்டிய கற்பனை இல்லை. அகாலமாகச் செத்தவர்கள் தெய்வமாகி நிற்கும் மண் அது. பாபநாசம் மலையில், காரையாறு சொரிமுத்து அய்யனார் கோயிலில் இருக்கிற பட்டவராயனைப் பாருங்கள். கதைப்பாடலில் அவன் முத்துப்பட்டன்: பிராமணனாகப் பிறந்தவன், சக்கிலியர் வீட்டுப் பொம்மக்கா, திம்மக்காவை மணந்து செருப்புத் தைக்கக் கற்றவன், மாடு திருட வந்தவர்களோடு மோதிச் செத்தவன். அவனுக்கு இன்றும் காணிக்கை செருப்புதான். மற்றக் கோயில்களில் வாசலோடு கழற்றிவிடும் பொருள், இங்கே சந்நிதியில் தொங்குகிறது.

ஆனால் இந்த மரபில் ஒரு வசதியும் உண்டு. செத்தவரின் ஆவிக்குப் பயந்து பீடம் எழுப்பி, பொங்கலிட்டு, படையல் போட்டுவிட்டால் கணக்கு நேராகிவிடும். கொன்றவர்களின் வாரிசுகூட வந்து கும்பிட்டு, திருநீறு பூசிக்கொண்டு போகலாம். நீதி கேட்க வேண்டியவர் வரம் கொடுப்பவராகிவிடுகிறார். காட்டுப்பேச்சியை மாரி செல்வராஜ் அந்த நிலைக்கு விடுவதில்லை. அவள் நின்று பார்க்கிறாள், அவ்வளவுதான். யாரையும் தண்டிக்கவில்லை, ‘இதைச் செய்’ என்று யாருக்கும் உத்தரவு போடவுமில்லை. பஸ் நிற்காத பொடியன்குளம் என்ற ஊரில் பஸ்ஸை நொறுக்குவதும், அதற்காகப் போலீசிடம் அடிபடுவதும் மனிதர்கள்தான்.

‘படத்தின் நாயகன் கர்ணனும் கடைசியில் ஒருவரைக் கழுத்தறுத்தான்தானே, அந்த முதியவருக்கும் இவனுக்கும் என்ன வித்தியாசம்?’ என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. கோயில் சடங்கில், அந்தரத்தில் மீனை வெட்டித்தான் வாள் அவன் கைக்கு வருகிறது. சாமிக்கு இதில் பங்கே இல்லை என்று தப்பிக்க முடியாது. ஆனாலும் போலீஸ் அதிகாரி கண்ணபிரானைக் கொன்றதைக் கர்ணன் தொண்டு என்று சொல்லிக்கொள்ளவில்லை. அந்தக் கொலை அவன் பேரில்தான் இருக்கிறது. அதற்காகச் சிறைக்குப் போய்ப் பல வருடம் கழித்தே ஊர் திரும்புகிறான். முதியவர் செய்த கொலைகளுக்கோ வழக்கே கிடையாது.