கேமரா யார் வாசலைப் பார்க்கிறது?

சென்னையின் அம்பத்தூர், கொரட்டூர் உட்தெருக்களில் விடியற்காலை கோலம் போட வரும் பெண்கள் நைட்டி மேல் ஒரு துண்டைப் போட்டுக்கொள்வது வழக்கம். எதிர்வீட்டுக் காம்பவுண்டில் சிசிடிவி வந்துவிட்டால் துண்டு மட்டும் போதாது. அதன் முகம் எந்தப் பக்கம் என்று நிமிர்ந்து பார்த்துவிட்டுத்தான் குனிய வேண்டியிருக்கிறது. மாடிக் கொடியில் காய்ந்த துணிகளில் பாதி வீட்டுக்குள் ஃபேனுக்கு அடியில் வந்துவிடுகின்றன. “அந்தக் கேமரா ஓடுதோ இல்லையோ, யாருக்குத் தெரியும்?” என்கிறார்கள்.

தெரியாததுதான் சங்கடமே. 18ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் தத்துவவாதி ஜெரமி பெந்தம் ஒரு சிறைக்குத் திட்டம் போட்டார். நடுவில் கோபுரம், அதில் காவலர் இருக்கிறாரா என்பது கைதிக்குத் தெரியாது. அதனாலேயே அவன் எந்நேரமும் அடங்கி நடப்பான் என்பது கணக்கு. பழுதாகிக் கிடக்கும் கேமராவும் அதே வேலையைத்தான் செய்கிறது.

எதிர்வீட்டு அக்கா பார்த்தால் நாமும் திரும்பிப் பார்க்கலாம், “சாப்டாச்சாக்கா?” என்று கேட்கலாம். நாளைக்கு அவர் மறந்தும்விடுவார். ரெக்கார்டரோ ஹார்டு டிஸ்க் நிறையும்வரை எதையும் மறக்காது.

2017இல் சென்னைக் காவல் ஆணையராக ஏ.கே.விஸ்வநாதன் பொறுப்பேற்றார். அவர் காலத்து ‘மூன்றாவது கண்’ திட்டம் தெருத்தெருவாகக் கேமராக்களைக் கொண்டுவந்தது. செயின் பறிப்பு, பைக் திருட்டுகளில் துப்புத் துலக்க அவை உதவியதை மறுப்பதற்கில்லை. அதே ஆண்டு ஆகஸ்ட் 24 அன்று, புட்டசாமி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகள், அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தார்கள். நம் கேட்டுக்குக் காவல் வைக்க நமக்கு உரிமை உண்டு. அடுத்தவர் பால்கனிக்குக் காவல் வைக்கும்படி யாரும் நம்மைக் கேட்கவில்லை.

கேமரா வைத்திருப்பவர்கள் இன்று ஒரு காரியம் செய்யுங்கள். செல்போனில் அந்தக் காட்சியைத் திறந்து, எதிர்வீட்டு ஜன்னலோ மொட்டைமாடியோ குளியலறை வென்டிலேட்டரோ தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால் கேமராவைக் கீழே இறக்கித் திருப்புங்கள். அந்தப் பகுதியை மட்டும் கறுப்பாக மறைக்கும் வசதியும் பல கேமராக்களில் உண்டு. பிறகு அந்த வீட்டாரைக் கூப்பிட்டு, என்ன தெரிகிறது என்று ஒருமுறை காட்டிவிடுங்கள்.