படலைக்குள் வந்த கமெரா

"எங்கட ஊரில படம் எடுத்து ஆர் பாக்கிறது? இந்தியப் படம்தான் ஓடும்." திருநெல்வேலிச் சந்தியில் தேத்தண்ணி குடித்தபடி ஒரு பெடியன் போன கிழமை என்னிடம் சொன்னான். அவன் கையிலிருந்த ஃபோனால் ஒரு முழுப்படமே எடுக்கலாம். அதில் அவன் அடுத்தவன் எடுத்ததைத் துண்டு துண்டாகத் தள்ளித் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தான்.

தம்பி, உனக்கு ஒரு ஆளைச் சொல்லுகிறேன். கோபம் வந்தால் வரட்டும்.

தர்மசேன பத்திராஜ. 1943இல் பிறந்த கண்டி மனிசன். தாய்மொழி சிங்களம். பேராதனையில் படித்தவர். வேலையில்லாப் பெடியளைப் பற்றி 1974இல் 'அஹஸ் கவ்வ' என்று முதல் முழுநீளப் படம் எடுத்தார். யாழ்ப்பாண வளாகம் திறந்ததும் அதே வருஷம்தான். பிறகு அங்கே விரிவுரையாளராக வந்தார். படிப்பித்தோம், சம்பளம் எடுத்தோம், யாழ்தேவியில் ஏறினோம் என்று இருந்திருக்கலாம். ஆர் கேட்பார்? அவரோ எங்கள் கிடுகுவேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தார். சீதனம் சேராமல் வீட்டுக்குள்ளேயே வயது போகும் அக்காமாரைக் கண்டார். சாதி என்ற சொல்லை வாயில் எடுக்காமலே சாதி பார்க்கும் எங்கள் கெட்டித்தனத்தையும் கண்டார். காவலூர் இராஜதுரை எழுத, 1977இல் 'பொன்மணி' வந்தது. தமிழ்ப் படம். யாழ்ப்பாணத்து வீடு, யாழ்ப்பாணத்து வாய்மூடல். எழுத்தாளர் நந்தி உட்பட, சினிமாவைத் தொழிலாகக் கொள்ளாத ஆட்கள் நடித்தார்கள்.

ஓடியதா? இல்லை. பாட்டும் சண்டையும் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அந்த நீண்ட அமைதி பிடிபடவில்லை. உண்மையைச் சொன்னால், முதல்தரம் பார்த்தபோது எனக்கே பொறுமை போய்விட்டது. இரண்டாந்தரம்தான் விளங்கியது: அந்த வீட்டார் கதைக்காமல் இருப்பதுதான் கதை. எங்கள் வீட்டுக் கூடத்தில் நான் கேட்டு வளர்ந்த அதே அமைதி. அதைப் பிடிக்க ஒரு சிங்களவர் வரவேண்டி இருந்தது என்பது இன்றைக்கும் எனக்குச் சுடுகிறது. உனக்குச் சுடவில்லையா?

நீ போட்ட குறும்படத்தை நாற்பது பேர்தான் பார்த்தார்கள் என்று அதையே அழித்துவிட்டாய். அவர் என்ன செய்தார்? அடுத்த வருஷமே கற்பிட்டிக் கடற்கரையில் மீனவர் வாடிகளுக்குள் போய் 'பம்பரு எவித்' எடுத்தார். இலங்கைச் சினிமாவின் சிறந்த படங்களைப் பேசுகிறவர்கள் இன்றைக்கும் அதைத் தாண்டிப் போவதில்லை. 1981இல் 'சொல்தாது உன்னஹே'. பிறகு ஏறக்குறைய இருபது வருஷம் பெரிய திரை அவருக்குக் கிட்டவில்லை. குந்தியிருந்து அழுதாரா? ரூபவாஹினி 1982இல் தொடங்கியிருந்தது. 'எல்ல லங்க வலவ்வ', 'கடுல்ல' என்று தொடர்நாடகங்கள் எடுத்தார். சின்னத்திரை என்றால் சின்ன வேலை என்று மூக்கைச் சுளிக்கவில்லை. மொனாஷ் பல்கலைக்கழகத்தில் வங்காளச் சினிமாவை ஆராய்ந்து கலாநிதிப் பட்டமும் எடுத்தார். எழுபதைத் தாண்டியபின் கஃப்காவின் கதையை வைத்து 'ஸ்வரூப'. 2018 ஜனவரியில் சாவு வந்துதான் அவரை நிறுத்தியது.

எழுபதில் அந்த மனிசன் படம் எடுத்தார். இருபத்திமூன்றில் நீ "காலம் போச்சு அண்ணை" என்கிறாய்!

தயாரிப்பாளர் வரட்டும், கனடா மாமா காசு அனுப்பட்டும், நல்ல லென்ஸ் வாங்குவம் என்று எத்தனை வருஷம்? உன் அம்மம்மா இடம்பெயர்ந்த கதையைச் சொல்லத் தொடங்கினால் இரவு போய்விடும். ஒருதரமாவது பதிவு செய்தாயா? அவவுக்கு எண்பது வயது. காசு வரும்வரை அவ காத்திருப்பா என்று உனக்கு ஆர் சொன்னது?

நாளைக்குச் சனி. விடிய ஐந்து மணிக்குக் குருநகர்க் கரைக்குப் போ. வள்ளங்கள் வரும், மீனைக் கூறி விற்பார்கள், கூடையோடு பெண்கள் நிற்பார்கள். அவர்களிடம் கேட்டுவிட்டு எடு. ஐந்து நிமிஷம் போதும். பின்னேரம் அதே தேத்தண்ணிக் கடைக்குக் கொண்டு வா. ஆர் பாக்கிறது என்று கேட்டாய் அல்லவா? நான் பாக்கிறன்.