கற்க வேண்டியவர் யார்?

புதிய கருவியொன்று ஒரு தொழிலுக்குள் நுழையும்போதெல்லாம் அதனுடன் ஒரு கட்டளையும் நுழைகிறது. ‘கற்றுக்கொள்’ என்பதே அக்கட்டளை. கற்றவர் காலத்தோடு நடப்பவர் எனப் போற்றப்படுகின்றார். கல்லாதவர் சோம்பேறி என்றும் பழைமையில் ஊறியவர் என்றும் ஒதுக்கப்படுகின்றார். கட்டளையிடுவோர் பெரும்பாலும் மேலே இருக்கின்றனர். கற்க வேண்டியோர் பெரும்பாலும் கீழே இருக்கின்றனர். இந்த ஏற்பாடு நமக்கு மிகவும் பழகிப்போய்விட்டது. அதனால் இதனுள் ஓர் அறக்கேள்வி பொதிந்திருப்பது நம் கண்ணிற் படுவதேயில்லை. கற்கும் கடமை யாரைச் சார்ந்தது? கற்பிக்கும் கடமை நிறைவேறாதவிடத்து, கல்லாமையின் குற்றத்தை எவர் தலையில் ஏற்றுவது?

நுவரெலியாவிலும் அட்டனிலும் டிக்கோயாவிலும் பணிபுரியும் சுகாதார ஊழியரை முன்வைத்து இக்கேள்வியை நாம் ஆராய விரும்புகிறோம். மருத்துவமாது, தாதி, மருந்தாளர், தோட்ட மருத்துவ உதவியாளர் ஆகியோரின் மேசையில் தடித்த பதிவேடுகள் இருந்த இடத்துக்குக் கணினித் திரை வந்துகொண்டிருக்கிறது. டிஜிட்டல் மாற்றம் என்று இதனை அழைக்கின்றனர். மாற்றத்துக்கேற்ப ஊழியரின் திறனை உயர்த்த வேண்டும் என்பது இன்று உலகெங்கும் ஒலிக்கும் குரல். அக்குரலை நாம் மறுக்கவில்லை. ஆனால் மலையகத்தில் நின்று அதனைக் கேட்கும்போது வரலாறும் உடன் பேசுகிறது.

மன்னார் வழியே கால்நடையாக வந்த கூலி மக்கள் பாதையோரங்களில் மடிந்த கதையை நாம் அறிவோம். அம்மக்களுக்கான மருத்துவத்தை அரசு சட்டமாக்கியது 1872ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச்சட்டத்தின் மூலம். 1912இல் அது மீண்டும் திருத்தி இயற்றப்பட்டது. நோயுற்ற உடல் வேலைக்கு உதவாது என்ற கணக்கும் இச்சட்டங்களின் பின்னால் இருந்தது. தோட்டத்து மருத்துவ உதவியாளர் நோயைத் தீர்ப்பவராக மட்டும் இருக்கவில்லை; எவர் வேலைக்குத் தகுதி, எவர் தகுதியில்லை என்று நிர்வாகத்துக்குச் சொல்பவராகவும் இருந்தார். மருந்துப் பதிவேடும் செக்ரோலும் ஒரே நிர்வாகத்தின் கீழ் இருந்தன.

இவ்விடத்துத் தோட்ட வழக்கொன்றை நினைவுகூர்தல் பொருந்தும். ஒரு நாள் வேலையைத் தோட்டத்தில் ‘பேர்’ என்று சொல்வர். நிறை சரியாக இருந்தால் முழுப்பேர். கொழுந்து குறைந்தால் அரைப்பேர். ஒரு மனிதப் பிறவியின் பெயர், கொழுந்தின் நிறைக்கேற்பப் பாதியாகிவிடும் பதிவேடு அது! ஆகவே, ‘உன்னைப் பதிவு செய்கிறோம்’ என்று எவரேனும் வந்து சொன்னால் மலையகத் தாய் சற்றுத் தயங்குவாளாயின், அத்தயக்கத்தை அறியாமை என்று இகழ்தல் தகாது. அது நூற்றைம்பது ஆண்டு அனுபவத்தின் குரலாகும்.

இலங்கையின் பொதுச் சுகாதாரப் பணிக்கு இன்னொரு வரலாறும் உண்டு, அது பெருமைக்குரியது. 1926இல் களுத்துறையில் முதலாவது சுகாதாரப் பிரிவு தொடங்கியது. வீடு வீடாகச் சென்று கர்ப்பிணிகளையும் குழந்தைகளையும் கண்ட மருத்துவமாதரின் உழைப்பினாலும், இலவச மருத்துவத்தினாலும், பெண் கல்வியினாலும் இந்நாட்டில் பிரசவ மரணம் ஓர் இலட்சம் பிறப்புகளுக்கு நாற்பதுக்கும் கீழே இறங்கியிருக்கிறது. செல்வம் மிகுந்த சில நாடுகளும் வியக்கும் சாதனை இது. ஆனால் தோட்டங்கள் நெடுங்காலம் இந்த வட்டத்துக்கு வெளியே கிடந்தன. 1948இன் சட்டம் மலையகத் தமிழரின் பிரஜாவுரிமையைப் பறித்தது. 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் நிர்வாகம் மீண்டும் கம்பனிகளிடம் சென்றது. அரசு தோட்ட மருத்துவமனைகளை ஒவ்வொன்றாக ஏற்கத் தொடங்கியது 1990களிலேதான். எஞ்சியிருந்தோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டம் 2003இல் வந்தது. 2016ஆம் ஆண்டின் தேசிய மக்கட்தொகை, சுகாதார ஆய்வின்படி, ஐந்து வயதுக்குட்பட்ட குழந்தைகளுள் வயதுக்கேற்ற உயரம் இல்லாதோர் நாடு முழுவதிலும் நூற்றுக்குப் பதினேழு பேர். தோட்டத் துறையில் ஏறத்தாழ முப்பத்திரண்டு பேர்.

இந்த இரண்டு எண்களையும் அருகருகே வைத்துப் பார்த்தால் கணினியின் பயன் விளங்கும். நாட்டுச் சராசரி என்பது தோட்டத்துப் பிள்ளையின் பசியை மறைத்துவிடும் போர்வை. ஒவ்வொரு பிரிவின் எண்களையும் தனித்தனியே உடனுக்குடன் காட்டவல்ல கருவி இருக்குமாயின் அப்போர்வை விலகும். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு செல்லும் பெண்ணின் குறிப்பும், கொழும்பில் வீட்டு வேலைக்குப் போய்த் திரும்பும் பெண்ணின் குறிப்பும் அவளுடனேயே செல்லும். இயந்திரம் முதலாளியின் கருவி. அதனைத் தொடவே கூடாது என்று சொல்லும் நண்பர்களோடு நாம் உடன்பட முடியாமைக்கு இதுவே காரணம். கருவியை மறுப்பதனால் ஏழையின் நோய் குறைவதில்லை.

உண்மையில் இந்நாடு இத்துறையில் பின்தங்கியும் இல்லை. கொழும்புப் பல்கலைக்கழகத்தின் பட்டப்பின் மருத்துவ நிறுவகம் மருத்துவர்களுக்கு மருத்துவத் தகவலியலில் முதுமாணிப் படிப்பை நடத்துகிறது. தாய் சேய் நலக் குறிப்புகளைத் திரட்டும் கணினி அமைப்பைக் குடும்பநலப் பணியகம் நடைமுறைப்படுத்தியுள்ளது. 2020 ஜனவரியில் கொரோனா தொற்று பரவத் தொடங்கியபோது, டி.எச்.ஐ.எஸ்.2 என்னும் மென்பொருளைக் கொண்டு பயணிகளைக் கண்காணிக்கும் முறையை இலங்கையரே விரைந்து அமைத்தனர். அதனைப் பின்னர் வேறு பல நாடுகளும் எடுத்தாண்டன. 2016இல் தொடங்கிய ‘1990 சுவசெரிய’ நோயாளர் காவு வண்டிச் சேவை தொலைபேசி அழைப்பொன்றில் உதவியை அனுப்புகிறது. டிக்கோயாவில் இந்திய உதவியுடன் கட்டிய 150 கட்டில்களைக் கொண்ட வைத்தியசாலை 2017 மே மாதம் திறக்கப்பட்டது. அறிவும் இருக்கிறது; கருவியும் இருக்கிறது. அப்படியானால் சிக்கல் எங்கே?

மருத்துவர் இவ்வறிவைப் பெறுவதற்கு ஒரு முதுமாணிப் படிப்பே வேண்டியிருக்கிறது. காலமும் ஆசிரியரும் சான்றிதழும் வேண்டியிருக்கின்றன. அங்ஙனமாயின் மருத்துவமாது அதனை ஒரு சுற்றறிக்கையினாலும் ஒரு பகற்பொழுதுப் பயிற்சியினாலும் பெற்றுவிட வேண்டும் என்று எதிர்பார்ப்பது எந்த நீதி? மேலே உள்ளவரின் கல்வி உரிமையாகவும் கீழே உள்ளவரின் கல்வி கடமையாகவும் மாறுவது ஏன்? கற்பதற்குரிய நேரம் வேலை நேரத்துள் அடங்காவிடின் அந்த நேரம் எங்கிருந்து வரும்? அவள் உறக்கத்திலிருந்து வரும்; அல்லது லயங்களுக்குச் செல்லும் அவள் கால்களிலிருந்து வரும். இரண்டாவது நிகழ்ந்தால் அதன் விலையைக் கொடுப்பவள் கர்ப்பிணித் தாய். கையால் எழுதிய பதிவேட்டையும் கைவிடாமல் கணினியிலும் மீண்டும் பதிய வேண்டுமென்ற இரட்டைச் சுமை ஏற்றப்படுமாயின், அதனைத் திறன் உயர்வு என்று சொல்வது சொல்லுக்கே இழுக்கு.

மொழியின் சிக்கல் இதனினும் ஆழமானது. 1987இன் பதின்மூன்றாவது திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. ஆயினும், தமிழ் மட்டுமே பேசும் தாயும் தமிழறியாத ஊழியரும் எதிரெதிரே அமர்ந்து சைகையால் உரையாடும் நிலை மலையகத்தில் இன்னும் மறையவில்லை. திரையில் எத்தனை கட்டங்களை நிரப்பினாலும் கேள்வி விளங்காத தாயின் விடை சரியான விடையாகாது. ஆகவே நாம் கேட்கிறோம்: திறன் உயர்த்தல் பற்றிப் பேசுவோர் தமிழ் கற்றலைத் திறன்களின் பட்டியலில் முதலாவதாக ஏன் வைக்கவில்லை? அயலாரின் நோவை அவர் மொழியிலேயே கேட்டறிவதைவிட மருத்துவத்தில் உயர்ந்த திறன் வேறு என்ன இருக்கிறது? சிங்கள ஊழியர் தமிழும் தமிழ் ஊழியர் சிங்களமும் பயில்வது இந்நாட்டின் புண்ணுக்கும் மருந்தாகும்.

முகவரியின் கதையும் உண்டு. லயக் காம்பராக்கள் பலவற்றுக்குத் தனி முகவரி கிடையாது. கடிதம் தோட்டக் காரியாலயத்துக்கே வந்து சேர்கிறது. ‘முகவரி’ என்று கேட்கும் கட்டத்தில் ஒரு தோட்டத்தின் பெயரையே நூறு குடும்பங்களுக்கும் எழுதினால், நள்ளிரவில் வலி கண்ட பெண்ணைத் தேடி வரும் வண்டி எந்த வாசலில் நிற்கும்? இங்கே கற்க வேண்டியவர் ஊழியர் அல்லர். மக்கள் எப்படி வாழ்கிறார்கள் என்பதைக் கருவியும் அதனை வகுத்தோரும் கற்க வேண்டும்.

அண்டை நாட்டின் அனுபவம் நமக்குப் பாடமாகட்டும். 2021இல் மகாராஷ்டிரத்தில் அங்கன்வாடிப் பெண்கள் ஆயிரக்கணக்கில் அரசு தந்த கைத்தொலைபேசிகளைத் திருப்பிக் கொடுத்துப் போராடினர். கருவி பழுதாகிறது, செயலி எங்கள் மொழியில் இல்லை என்பன அவர்களின் முறைப்பாடுகள். அவர்கள் புதுமைக்கு அஞ்சியவர்கள் அல்லர். பழுதான கருவியின் பழியைத் தாங்கள் சுமக்க மறுத்தவர்கள்.

இதற்கு மாறான ஒரு மரபும் உலகில் உண்டு. 1970களின் தொடக்கத்தில் நோர்வே நாட்டின் இரும்பு, உலோகத் தொழிலாளர் சங்கம் கிறிஸ்டன் நைகார்ட் என்னும் கணினி அறிஞரோடு சேர்ந்து ஒரு முயற்சியில் இறங்கியது. தொழிற்சாலைக்குள் வரும் கணினியைப் பற்றித் தொழிலாளரே ஆராய்ந்து கற்றனர். கற்றதைக் கொண்டு, அக்கருவி எப்படி அமைய வேண்டும் என்று நிர்வாகத்தோடு பேரம் பேசும் உரிமையைப் பெற்றனர். அங்கு கல்வி அடங்கிப்போவதற்கான பயிற்சியாக இருக்கவில்லை. பங்கு கேட்பதற்கான ஆயுதமாக இருந்தது. அம்மரபின் வழிவந்தோர் 1990களில், நிறவெறி ஆட்சி வீழ்ந்த தென்னாபிரிக்காவில், இனவாரியாகச் சிதறிக் கிடந்த சுகாதாரக் குறிப்புகளை ஒன்றுசேர்க்க உழைத்தனர். அந்த உழைப்பிலிருந்து வளர்ந்ததுதான் மேலே நாம் குறிப்பிட்ட டி.எச்.ஐ.எஸ்.2 மென்பொருள். இன்று மலையகத் தாயின் குறிப்பைத் தாங்கிச் செல்லும் அமைப்பும் இதன் மீதே கட்டப்பட்டது. பயன்படுத்துவோரே வடிவமைப்பில் பங்குபெற வேண்டும் என்ற கொள்கையிற் பிறந்த கருவி அது. கருவியை இறக்குமதி செய்துகொண்டு, கொள்கையைக் கப்பலிலேயே விட்டுவிட்டு வரலாமா?

திறன் என்ற சொல்லையும் நாம் சற்று உரசிப் பார்க்க வேண்டும். சம்பள நாளுக்கு மறுநாள் எந்த வீட்டுக்குப் போக வேண்டும் என்று அனுபவமுள்ள மருத்துவமாது அறிவாள். சத்துணவாகக் கிடைத்த திரிபோஷா குழந்தையின் வாயை அடைந்ததா, வீட்டார் அனைவரின் பசிக்கும் பங்கிடப்பட்டதா என்பதை அடுப்பங்கரையைப் பார்த்தே அறிவாள். கிளினிக்குக்கு வந்தால் அரைநாட் கூலி போய்விடும் என்று வராதிருப்பவளையும், கணவனின் அடியை மறைக்க வராதிருப்பவளையும் பிரித்தறிவாள். கணினியில் இவ்விருவருக்கும் ‘வரவில்லை’ என்ற ஒரே குறிதான். இவ்வறிவுக்குச் சான்றிதழ் இல்லை. ஆகையால் இது திறன் என்று எண்ணப்படுவதில்லை. டிஜிட்டல் கருவிகள் நன்கு இயங்கும் சுகாதார அமைப்புக்கு மாற்றாகா என்று உலகச் சுகாதார நிறுவனமே 2019இல் வெளியிட்ட வழிகாட்டியில் எச்சரித்துள்ளது. 2025 நவம்பரில் ‘தித்வா’ புயல் மலைநாட்டைச் சிதைத்தபோது வீதிகள் இடிந்தன; மின்சாரமும் தொலைத்தொடர்பும் அறுந்தன. அத்தகைய நாட்களில் திரை இருண்டுவிடும். எந்த லயத்தில் எவளுக்கு நாள் நெருங்கியிருக்கிறது என்ற நினைவு ஒரு மனிதரின் நெஞ்சில் இருந்தாலன்றி வேறு வழியில்லை.

ஆசிரியர்களாகிய நமக்கும் மாணவர்களுக்கும் இதில் பங்கு உண்டு. நாளைய தாதியும் மருத்துவமாதும் மருத்துவரும் தோட்டப் பாடசாலைகளிலிருந்தே வர வேண்டும். தாயின் மொழியும் லயத்தின் வாழ்வும் அவர்களுக்கு எவரும் கற்பிக்க வேண்டாதவை. ஆனால் உயர்தர விஞ்ஞான வகுப்பு இல்லாத பாடசாலைகள் மலையகத்தில் இன்னும் பல. பதினாறு வயதில் விஞ்ஞானத்தின் வாசலை அடைத்துவிட்டு, முப்பத்தாறு வயதில் ‘திறனை உயர்த்து’ என்று கட்டளையிடுவது எத்தகைய விந்தை! ஊழியரின் பயிற்சி பணியிடத்தில் தொடங்குவதாகக் கருதுவது தவறு. அது நமது வகுப்பறையில் தொடங்குகிறது, அல்லது அங்கேயே முடிந்துவிடுகிறது.

ஆகவே தொடக்கத்திற் கேட்ட கேள்விக்கு நம் விடை இது. கற்பது ஊழியரின் கடமைதான். நோயாளியின் உயிர் அவர் கையில் இருப்பதால் அக்கடமையிலிருந்து அவர் விலக முடியாது. ஆனால் வேலை நேரத்துள் நேரமும், அவரவர் மொழியில் ஆசிரியரும், கருவியின் குறையை எடுத்துச் சொல்லும் உரிமையும், சொன்னதைக் கேட்டுத் திருத்தும் மேலிடமும் இருக்கும்போதுதான் அக்கடமை அவரைக் கட்டுப்படுத்தும். இவற்றை வழங்காதவர் கல்லாமையைக் குறைகூறும் தகுதியை இழந்தவராவர். கருவியை வாங்குவோரும் வகுப்போரும் ஆள்வோரும் முதலிற் கற்கட்டும். அவர்கள் கற்க வேண்டிய பாடம் கடினமானதன்று: பதிவேட்டில் எழுதப்படும் பேர், கொழுந்து குறைந்தாலும் பாதியாகாத ஒரு மனிதருடைய பேர்.